முதல் எபிசோடில் இறந்தவள்

அந்தத் துப்பறியும் தொடர் ஒன்பது வருடம் ஓடியது. வாரத்துக்கு ஒரு கொலை. சுட்டும், குத்தியும், விஷம் வைத்தும், மாடியிலிருந்து தள்ளிவிட்டும் நானூறு பேரையாவது அதில் தீர்த்துக்கட்டியிருப்பார்கள். ஆனால் பார்த்தவர்கள் மனதில் தங்கியது ஒரே ஒரு பிணம்தான். முதல் எபிசோடின் முதல் காட்சியில், நீர்த்தேக்கத்துக் கரையில், ஈரச் சரளைக்கல்மேல் பச்சை கவுனோடு மல்லாந்து கிடந்தாளே ஒருத்தி, கண்ணைக்கூட மூடாமல், அவள்தான். டைரக்டருக்கு அந்த முகம் அவ்வளவு பிடித்துப்போய், தொடரின் டைட்டிலிலேயே அதை வைத்துவிட்டார். வாரா வாரம் இசை ஆரம்பித்ததும் முதலில் வருவது அந்த முகம். அதன் கன்னத்தில் நிதானமாக ஏறிப்போகும் ஓர் எறும்பு.

அவள் நடிகையே இல்லை. ஸ்டுடியோவின் உடுப்பு அறையில் தையல்காரி. அப்போது அவளுக்கு இருபத்தொன்பது வயது. பிணமாகப் படுக்க வேண்டிய நடிகை, அளவு கொடுக்க வரச் சொன்ன இரண்டு தடவையும் வரவில்லை. ஆள் ஏறக்குறைய உன் உடம்புவாகுதான் என்று யாரோ சொன்னதை நம்பி, தையல்காரி தன் அளவையே வைத்து அந்தக் கவுனை வெட்டித் தைத்தாள். படப்பிடிப்பு அன்று காலை நடிகைக்குக் காய்ச்சல் என்று தகவல் வந்தது. டைரக்டர் மடக்கு நாற்காலியில் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார்.

"அந்த கவுன் வேற யாருக்குப் பொருந்தும்?" என்று கேட்டார்.

"எனக்குத்தான் சார். என் அளவுலதான் தைச்சேன்."

"அப்ப நீயே படுத்துடும்மா."

"எனக்கு நடிக்கல்லாம் வராது சார்."

"பொணத்துக்கு என்னம்மா நடிப்பு? சும்மா கெட. அதுதான் நடிப்பு."

கிடந்தாள். முதுகில் கற்கள் குத்தின. கவுனின் பின்பக்கம் நனைந்து உடம்போடு ஒட்டிக்கொண்டது. கண்ணை மூடிக்கொள் என்று யாரும் சொல்லவில்லை, அதனால் மூடவில்லை. காலை முதல் சாயங்காலம் வரை ஊசிக்கண்ணைப் பார்த்துக்கொண்டிருக்கிறவளுக்கு இமைக்காமல் இருப்பது பெரிய வித்தையா என்ன? நாற்பது நொடி. எறும்பு ஏறியபோதும் அசையவில்லை. கேமராமேன் "போதும்" என்றதும் எழுந்து, முதுகில் ஒட்டிய கற்களைத் தட்டிவிட்டுக்கொண்டு தையல் மெஷினுக்குத் திரும்பிப் போனாள். இன்ஸ்பெக்டரின் கோட்டுக்கு இன்னும் பட்டன் வைக்கவில்லை.

வீட்டில் அவளும் அம்மாவும் மட்டும்தான். அப்பா அவள் பள்ளிக்கூடத்தில் படிக்கும்போதே போய்விட்டார். அதற்கப்புறம் அம்மா ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் இருபது வருடம் வேலை பார்த்து மகளை வளர்த்தாள். மூன்றாவது மாடியில் இரண்டு அறை. முன்னறையில் டிவி, அம்மாவின் கட்டில், ஜன்னல். உள்ளறையில் அடுப்பும் மகளின் படுக்கையும். அம்மாவுக்கு ஆச்சரியமாக இருக்கட்டும் என்று நினைத்து மகள் விஷயத்தை மூச்சுவிடவில்லை. முதல் எபிசோடு வந்த அன்று சாயங்காலம் பக்கத்து வீட்டு அக்காவையும் கூப்பிட்டு வைத்துக்கொண்டு மூன்று பேருமாக டிவி முன்னால் உட்கார்ந்தார்கள்.

இசை வந்தது. கரை வந்தது. முகம் வந்தது.

அம்மா போட்ட கூச்சலில் பக்கத்து வீட்டு அக்கா எழுந்தே நின்றுவிட்டாள். மகள் பக்கத்திலேயே உட்கார்ந்திருக்கிறாள், அது அம்மாவுக்குத் தெரியும். தெரிந்தும் மகளின் கையை எட்டிப் பிடித்து, நாடி பார்க்கிற மாதிரி அழுத்திக்கொண்டாள். எபிசோடு முடியும்வரை விடவில்லை. முடிந்ததும் கையை உதறினாள்.

"செத்தவங்க போர்வைய இருபது வருஷம் துவைச்சவடி நான். விளையாட்டுக்குக்கூட அப்படிப் போய்ப் படுக்கலாமா?"

"சும்மா நாற்பது செகண்டும்மா."

"எனக்கு அது எத்தனை செகண்டுன்னு உனக்குத் தெரியுமா?"

ஒன்பது நாள் அம்மா பேசவில்லை. பத்தாம் நாள், சோப்பு தீர்ந்துவிட்டது என்று சொல்லிப் பேச ஆரம்பித்தாள். அந்த வீட்டில் சண்டைகள் அப்படித்தான் முடியும்.

அதற்குள் தொடர் பிய்த்துக்கொண்டு ஓட ஆரம்பித்திருந்தது. பஸ்ஸில் ஆட்கள் அவளை உற்றுப் பார்த்தார்கள். காய்கறிக் கடைக்காரர், "நீங்க செத்துப்போனவங்கதானே?" என்று கேட்டு இரண்டு தக்காளி கூடுதலாகப் போட்டார். காய்ச்சலுக்குப் போன இடத்தில் டாக்டர் மணிக்கட்டைப் பிடித்துவிட்டு, "அட, துடிக்குதே" என்றார். ஸ்டுடியோவில் அவள் பெயரே மாறிப்போனது. காவல்காரர் முதல் டைரக்டர் வரை எல்லோருக்கும் அவள் எபிசோடக்கா. அவளும் சிரித்துக்கொள்வாள். கேலி என்றாலும் அதில் வஞ்சகம் இல்லை.

ஓவிய வாத்தியார் மட்டும் அந்தப் பெயர் சொல்லிக் கூப்பிடவில்லை. ஒரு பள்ளிக்கூடத்தில் படம் வரையச் சொல்லிக்கொடுப்பவர். விடுமுறை நாட்களில் ஸ்டுடியோவுக்கு வந்து பின்திரைச் சீலைகளில் வானமும் மரமும் தெருவும் வரைவார். நெட்டையான, குரல் எழும்பாத மனிதர். சட்டைக் கையில் எப்போதும் ஏதாவது ஒரு வர்ணம் காய்ந்திருக்கும். ஒருநாள் கிழிந்த சட்டையைத் தைக்கக் கொண்டுவந்தவர் அதைக் கொடுக்காமலே நின்றார்.

"ஒண்ணு கேக்கணும். அந்த எறும்பு ஏறினப்ப நீங்க ஏன் தட்டிவிடல?"

"தட்டிவிட்டா மறுபடியும் எடுப்பாங்க. எனக்குப் பட்டன் வேலை பாக்கி இருந்துச்சு."

அவர் சிரித்த சிரிப்பில் உடுப்பு அறையில் இருந்த எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். அத்தனை அமைதியான ஆளுக்குள் அவ்வளவு பெரிய சிரிப்பு இருக்கும் என்று யாரும் நினைக்கவில்லை. அதற்குப் பிறகு அவர் சட்டைகள் அடிக்கடி கிழிந்தன. ஒரு வருடம் இருவரும் ஒரே பஸ்ஸில் போனார்கள். ஒரே பெஞ்சில் டீ குடித்தார்கள். ஒருநாள், தனக்கு வேறு ஊருக்கு மாற்றல் வரப்போகிறது, அதற்குமுன் வீட்டுக்கு வந்து அம்மாவிடம் கேட்கட்டுமா என்றார். அவள் தலையாட்டினாள். வாயைத் திறந்தால் குரல் எப்படி வருமோ என்று பயமாக இருந்தது.

அவர் ஞாயிற்றுக்கிழமை காலை வருவதாகப் பேச்சு. அந்த ஞாயிறு பார்த்து ஸ்டுடியோவில் அவசர வேலை என்று அவளைக் கூப்பிட்டுவிட்டார்கள். "அம்மா இருப்பாங்க, நீங்க போங்க, நான் மத்தியானத்துக்குள்ள வந்துடறேன்" என்று சொல்லி அனுப்பினாள். மத்தியானம் படியேறி வந்தபோது அம்மா ஜன்னல் பக்கம் பார்த்து உட்கார்ந்திருந்தாள்.

"வந்தாரா?"

"வந்தாரு."

"என்ன சொன்னாரு?"

அம்மா திரும்பாமலே சொன்னாள். "அவங்க வீட்ல அந்த எபிசோடைப் பாத்திருக்காங்க. அவரோட அம்மா ஒத்துக்கலையாம். செத்துக் கெடந்த மூஞ்சிய தினம் எந்திரிச்சதும் பாக்க முடியாதுன்னுட்டாங்களாம். அதைச் சொல்லிட்டுப் போகத்தான் வந்தாரு."

மகள் செருப்பைக்கூடக் கழற்றாமல் நின்றாள். பிறகு உள்ளறைக்குப் போய், குழாயைத் திறந்துவிட்டு, தண்ணீர்ச் சத்தத்தில் அழுதாள். வாத்தியார் அதற்குப்பின் ஸ்டுடியோவுக்கு வரவில்லை. மாற்றல் கிடைத்துப் போய்விட்டதாக யாரோ சொன்னார்கள். அவளும் தேடவில்லை. மூஞ்சியைப் பார்க்க முடியாது என்று சொன்னவர்கள் முன்னால் போய் எந்த மூஞ்சியோடு நிற்பது?

அன்றிலிருந்து அவள் அந்த எபிசோடை வெறுத்தாள். டைட்டில் இசை கேட்டால் அடுப்படிக்குப் போய்விடுவாள். தெருவில் யாராவது "நீங்க அவங்கதானே?" என்று கேட்டால் "இல்லீங்க" என்பாள். காய்ச்சலில் படுத்த நடிகையை, அவளைப் பார்த்திராவிட்டாலும், மனதுக்குள் திட்டினாள். டைரக்டரைத் திட்டினாள். அந்தக் கவுனைத் தன் அளவில் வெட்டிய கத்திரியைத் திட்டினாள். வேறு ஆட்கள் அவளைக் கேட்டு வராமலில்லை. இரண்டு பேர் வந்தார்கள். அவள்தான் வேண்டாம் என்றாள். முப்பத்தைந்து ஆனது, நாற்பத்தைந்து ஆனது. அம்மாவும் மகளும் ஒரே வீட்டில் சோப்பைப் பற்றியும் மழையைப் பற்றியும் மட்டும் பேசிக்கொண்டு வருடங்களை ஓட்டினார்கள். அம்மா கெட்டவள் இல்லை. மகள் வேலையிலிருந்து வருவதற்குள் வெந்நீர் வைத்திருப்பாள். மகளின் செருப்பு வார் அறுந்தால் சொல்லாமலே தைத்து வைப்பாள். ஆனால் கிட்டே வந்து தலையைத் தடவ அவளுக்குத் தெரியாது.

மகளுக்கு ஐம்பத்தாறு ஆனபோது அம்மாவுக்கு மறதி ஆரம்பித்தது. முதலில் அடுப்பை அணைக்க மறந்தாள். பிறகு கீழே பால் வாங்கப் போனவள் மூன்றாவது மாடிக்குப் பதிலாக நாலாவது மாடிக்குப் போய், அந்த வீட்டுக்காரரை "நீ யாருடா என் வீட்ல?" என்று அதட்டினாள். டாக்டர் தலையை ஸ்கேன் எடுத்துப் பார்த்துவிட்டு, இது கூடத்தான் செய்யும், குறையாது என்றார். மகள் ஸ்டுடியோ வேலையை விட்டுவிட்டு, மெஷினை முன்னறை ஜன்னலோரம் போட்டு, வீட்டிலேயே தைக்க ஆரம்பித்தாள். ஸ்டுடியோக்காரர்கள் துணியை வீட்டுக்கே அனுப்பினார்கள்.

அப்போதுதான் ஒரு சேனலில் அந்தப் பழைய தொடரை மறுபடியும் போட்டார்கள். தினமும் மத்தியானம் இரண்டரைக்கு.

முதல் நாள் மகள் கவனிக்கவில்லை. மெஷின் சத்தத்தில் இசை காதில் விழவில்லை. அம்மாவின் அலறல்தான் விழுந்தது. ஓடி வந்து பார்த்தால், திரையில் எறும்பு ஏறிக்கொண்டிருந்தது. அம்மா திரையைத் தொட்டு, "என் பொண்ணு, என் பொண்ணு" என்று நெஞ்சில் அடித்துக்கொண்டாள்.

"அம்மா, நான் இங்க இருக்கேம்மா. இங்க பாரு."

அம்மா பார்த்தாள். நரைத்த தலை, மூக்குக்கண்ணாடி, தாடைக்குக் கீழே தொங்கிய சதை. பிறகு திரையைப் பார்த்தாள். அவளுக்குத் தெரிந்த மகளுக்கு இருபத்தொன்பது வயது.

"நர்ஸம்மா, என் பொண்ணை யாரோ கொன்னுட்டாங்க" என்றாள்.

மகள் எவ்வளவோ சொல்லிப் பார்த்தாள். சொல்லச் சொல்ல அம்மா மிரண்டாள். "என் பொண்ணு செத்துக் கெடக்கறா, நீ அவ பேரைச் சொல்லிக்கிட்டு வந்து நிக்கறியா? வெக்கமா இல்ல?" என்று தண்ணீர்ப் பாத்திரத்தைத் தூக்கி எறிந்தாள். மறுத்துப் பேசாதீர்கள், அவர்கள் நம்புவதோடு ஒத்துப் போங்கள் என்று டாக்டர் சொன்னார். மகள் ஒரு வாரம் டிவி கெட்டுப்போய்விட்டது என்று பொய் சொல்லிப் பார்த்தாள். அம்மா இரண்டரை மணிக்கு இருட்டுத் திரைமுன் உட்கார்ந்து, "கடைசியா ஒரு தடவை மூஞ்சியக் காட்டக்கூட மாட்டேங்கறாங்களே" என்று சத்தமில்லாமல் அழுதாள். எட்டாம் நாள் மகளே டிவியைப் போட்டாள். எந்தக் கதை நடந்தாலும் டைட்டில் தினமும் அதுதானே. அந்த ஒரு நிமிஷத்துக்காக அம்மா தலைவாரி, முகம் கழுவி, ஆஸ்பத்திரியில் பார்க்கும் நேரத்துக்குக் காத்திருப்பவள்போல உட்கார்ந்திருப்பாள். பார்த்து அழுதபிறகு கொஞ்சம் தெளிவாகிவிடுவாள். தெளிந்ததும் நர்ஸம்மாவிடம் பேசுவாள்.

பிறந்ததிலிருந்து மகளை ஒரு வார்த்தை புகழ்ந்து சொல்லாத வாய் அது. இப்போது மடை திறந்தது.

"என் பொண்ணு கை மாதிரி ஒரு கை கிடையாது, தெரியுமா? போட்ட தையல் கண்ணுக்கே தெரியாது, அவ்வளவு பொடிசாப் போடுவா. அவ வேலை முடிஞ்சு படியேறி வர்ற சத்தம் எனக்குத் தெரியும். ரெண்டாவது மாடியில ஒரு தடவை நின்னு மூச்சு வாங்குவா. அது கேட்டதும்தான் எனக்கு உசுரு வரும்."

மகள் ரொட்டியைப் பாலில் ஊறவைத்து ஊட்டிக்கொண்டே கேட்பாள். இத்தனை வருடம் அந்தப் படிகளில் ஏறி வந்தபோது யாரோ காது கொடுத்துக் காத்திருந்தார்கள் என்று அவளுக்குத் தெரியாது. சந்தோஷப்படலாம் என்றால், துக்கம் விசாரிக்க வந்த வீட்டில் யாராவது சந்தோஷப்படுவார்களா?

அம்மாவிடம் அவள் "நீங்க" என்றுதான் பேசினாள் இப்போது. அந்த ஒரு மாற்றம் அவளுக்குக் கடைசிவரை பழகவில்லை.

ஒருநாள் அம்மா கேட்டாள். "ஏம்மா, உனக்கு அம்மா இருக்காங்களா?"

"இருக்காங்க."

"யாரு பாத்துக்கறா?"

"நான்தான்."

"நல்லாப் பாத்துக்கிட்டே போ. இங்க வந்து எனக்கு ஊட்டிக்கிட்டு இருக்க" என்று அம்மா கோபித்துக்கொண்டாள். மகளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அம்மாவும் சேர்ந்து சிரித்தாள். எதற்கென்று தெரியாமல்.

மழை பிடித்துக்கொண்டிருந்த ஒரு மத்தியானம் அம்மா அழவில்லை. டைட்டில் வந்தது, போனது. அம்மா வெறும் கையைத் தடவிக்கொண்டே உட்கார்ந்திருந்தாள்.

"நர்ஸம்மா, உன்கிட்ட ஒண்ணு சொல்லணும். யார்கிட்டயும் சொல்லிடாத."

"சொல்லுங்க."

"என் பொண்ணை ஒருத்தர் கேட்டு வந்தாரு. வாத்தியாரு. நெட்டையா இருப்பாரு, சட்டையில பெயிண்டு."

மகள் கையில் பிடித்திருந்த கரண்டி அப்படியே நின்றது.

"வந்து உக்காந்து, அம்மா, உங்க பொண்ணைக் கட்டிக்கறேன், நீங்களும் எங்ககூடவே வந்துடுங்கன்னாரு. அவங்க வீட்ல எல்லாருக்கும் சம்மதமாம். டிவியில வந்த பொண்ணுன்னு அவரோட அம்மாவுக்கு ஒரே பெருமையாம். எனக்கு ஒண்ணுமே புரியல. வேற ஊரு. தெரியாத ஆளுங்க. கூட வாங்கன்னு இன்னிக்குச் சொல்லுவாங்க, நாளைக்கு? அவ போயிட்டா இந்த ரெண்டு ரூம்ல நான் யாருகூட இருப்பேன்? பயந்துட்டேம்மா. என் பொண்ணுக்கு இஷ்டமில்ல, உங்க மூஞ்சிக்கு நேரா சொல்லத் தெரியாம என்னைச் சொல்லச் சொன்னான்னு சொல்லிட்டேன்."

"அவரு என்ன சொன்னாரு?" என்று நர்ஸம்மா கேட்டாள். குரல் எங்கிருந்து வந்தது என்று அவளுக்கே தெரியவில்லை.

"ஒரு வாய் தண்ணி கேட்டாரு. குடிச்சாரு. நல்லா இருக்கச் சொல்லுங்கன்னு சொல்லிட்டு எறங்கிப் போனாரு. அவகிட்ட என்ன சொல்றதுன்னு தெரியல. அந்த நேரம் பாத்து டிவியில இந்தப் பாட்டு வந்துச்சு. அதும்மேல பழியப் போட்டுட்டேன். நம்பிட்டா. பைத்தியக்காரி, ஒரு கேள்வி கேக்கல. இப்ப செத்துட்டா. நான் யார்கிட்டப் போயி மன்னிப்புக் கேப்பேன்?"

மகள் பாத்திரத்தைக் கீழே வைத்தாள். உள்ளறைக்குப் போனாள். குழாயைத் திறந்தாள், ஆனால் அழுகை வரவில்லை. தண்ணீர் பாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது. இருபத்தாறு வருடமாக அந்த நாற்பது நொடியைத் திட்டியிருக்கிறாள். கண்ணாடியில் தன் முகத்தைப் பார்த்துத் திட்டியிருக்கிறாள். அது ஒரு பாவமும் செய்யவில்லை. உண்மையில், வாத்தியாரைக் கொண்டுவந்து சேர்த்ததே அந்த முகமும் எறும்பும்தான். அவர் படியிறங்கிப் போனது, இவளுக்கு இஷ்டமில்லை என்று நம்பி. இவள் இங்கே உட்கார்ந்திருந்தது, அவருக்கு இஷ்டமில்லை என்று நம்பி.

அன்று சாயங்காலம் அவள் அம்மாவுக்குச் சாப்பாடு கொடுக்கவில்லை. அம்மாவும் கேட்கவில்லை. மறந்துவிட்டாள்.

மறுநாள் பக்கத்து வீட்டு அக்காவை உட்காரவைத்துவிட்டு, பஸ் பிடித்து அவர் வேலை பார்த்த பழைய பள்ளிக்கூடத்துக்குப் போனாள். ஆபீஸ் அறையில் ஒரு பெண் பழைய பதிவேடுகளைப் புரட்டிவிட்டுச் சொன்னாள்.

"அவரு இங்கேருந்து வேற ஊருக்கு மாற்றலாகி, அங்கேயே ரிடையரும் ஆயிட்டாருங்க. இப்ப அவரோட மகள் வீட்ல இருக்கறதா எழுதியிருக்கு. போன் நம்பர் இருக்கு, தரட்டுமா?"

மகள் வீட்டில். அவர் மகளுக்கு ஒரு வீடு இருக்கும் என்றால், அந்த மகளுக்கு ஓர் அம்மாவும் இருந்திருப்பாள்.

"வேணாங்க. இருக்காருன்னு தெரிஞ்சா போதும்" என்றாள்.

"யாரு கேட்டாங்கன்னு சொல்ல?"

"ஒரு சட்டை தைக்கக் கொடுத்தாரு. அதுக்காக வந்தேன்."

திரும்பி வரும்போது பஸ்ஸில் ஒரு முடிவு செய்தாள். இனிமேல் அம்மா கேட்டால் உண்மையைத்தான் சொல்வது. கேட்கவும் செய்தாள் அம்மா, மறுநாளே. அதே கதை, அதே சொற்கள், அதே தண்ணீர். முடிவில் அதே கேள்வி. மகள் முழந்தாளிட்டு அம்மாவின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டாள்.

"உங்க பொண்ணுகூட நான் வேலை செஞ்சிருக்கேன். அவங்களுக்கு இது தெரியும். தெரிஞ்சும் கோபப்படல. மன்னிச்சிட்டேன்னு என்கிட்டச் சொன்னாங்க."

அம்மா ஆறுதலடைவாள் என்று நினைத்தாள். அம்மாவின் முகம் வெளுத்தது.

"தெரியுமா? தெரிஞ்சும் எனக்குத் தலைவாரிவிட்டாளா? தெரிஞ்சும் தினம் இந்தப் படியேறி வந்தாளா?" அம்மா வாயில் துணியை அடைத்துக்கொண்டு அழுதாள். "ஐயோ, அவ மனசு என்ன பாடு பட்டிருக்கும். ஒரு வார்த்தை திட்டியிருக்கக் கூடாதா!"

அன்று முழுக்க அந்த அழுகை ஓயவில்லை. மறுநாள் எல்லாம் மறந்து மறுபடியும் முதலிலிருந்து ஆரம்பித்தது. மகள் வேறு பதில் சொல்லிப் பார்த்தாள். அவர் வேறு ஊரில் நன்றாக இருக்கிறார் என்றாள். "அப்ப என் பொண்ணு மட்டும்தான் நல்லா இல்லாமப் போனா" என்று அம்மா குமுறினாள். எதையும் கேட்காததுபோல மெஷினை மிதித்துப் பார்த்தாள். அம்மா எழுந்து வந்து ஊசிக்குக் கீழே கையை நீட்டி, "பதில் சொல்லு" என்றாள்.

எந்தத் துணிக்கு எந்த நூல் என்று தேடுகிற மாதிரி பல நாள் தேடி, கடைசியில் ஒரு பதிலைக் கண்டுபிடித்தாள்.

"உங்க பொண்ணு என்கிட்ட ஒரு ரகசியம் சொன்னாங்க. அவங்களுக்கு அந்த வாத்தியாரைப் பிடிக்கவே இல்லையாம். எப்படி வேணாம்னு சொல்றதுன்னு முழிச்சுக்கிட்டு இருந்தாங்களாம். நல்லவேளை எங்கம்மாவே சொல்லி அனுப்பிட்டாங்கன்னு சிரிச்சாங்க."

அம்மா நிமிர்ந்தாள். "நெசமாவா?"

"நெசமாத்தான்."

"பிடிக்கவே இல்லையா?"

"துளிகூட இல்லையாம்."

அம்மாவின் முகத்தில் சிரிப்பு வந்தது. பல மாதம் கழித்து வந்த சிரிப்பு. "பாத்தியா? நான் அப்பவே நெனச்சேன். அந்த ஆளு என் பொண்ணுக்குப் பொருத்தமே இல்ல. நான் சரியாத்தான் பண்ணியிருக்கேன்" என்று சொல்லி, ஊறவைத்த ரொட்டி மொத்தத்தையும் சாப்பிட்டு முடித்தாள்.

அதற்குப்பின் ஐந்து மாதம், ஒரு நாள் விடாமல், மழை பெய்தாலும் வெயில் அடித்தாலும், டைட்டில் முடிந்ததும் மகள் இதைச் சொன்னாள். அவரைப் பிடிக்கவே இல்லை. துளிகூட இல்லை. நீங்கள் செய்ததுதான் சரி. அம்மா ஒவ்வொரு நாளும் முதல் தடவை கேட்பதுபோல மலர்ந்தாள். மகளுக்கோ ஒவ்வொரு நாளும் அந்தப் பெரிய சிரிப்பை, டீ பெஞ்சை, வர்ணம் காய்ந்த சட்டைக் கையைத் தன் வாயாலேயே இல்லை என்று சொல்ல வேண்டியிருந்தது. பக்கத்து வீட்டு அக்கா ஒருநாள் வாசலில் நின்று கேட்டுவிட்டாள். அவளுக்கு அந்தக் காலத்திலேயே எல்லாம் தெரியும்.

"ஏண்டி, மனசாட்சியோடதான் சொல்றியா?"

"எங்கம்மா சாப்பிடறாங்கக்கா" என்றாள் மகள்.

பிறகு அம்மா படுக்கையில் விழுந்தாள். இரண்டரை மணிக்கு இசை வந்தாலும் திரும்பிப் பார்ப்பதில்லை. எறும்பு ஏறும் முகத்தை யாரோ ஒருத்தியின் முகமாகப் பார்த்துவிட்டுக் கண்ணை எடுத்துக்கொண்டாள். வாத்தியாரும் அவளுக்கு மறந்துபோனார். செய்ததும் மறந்துபோனது. ஒருநாள் மத்தியானம் தெளிவான குரலில் கேட்டாள்.

"மணி என்ன?"

"மூணுங்க."

"என் பொண்ணு வேலைக்குப் போயிருக்கா. ஆறு மணிக்கு வந்துடுவா. அவளுக்கு வெந்நீர் வைக்கணும்."

அந்த மறதி, கடைசியில், செத்தவளை உயிரோடு எழுப்பி வேலைக்கு அனுப்பியிருந்தது.

அன்று ஐந்தே முக்காலுக்கு, பக்கத்து வீட்டு அக்காவை அம்மாவிடம் இருக்கச் சொல்லிவிட்டு, ஸ்டுடியோவுக்குக் கொண்டுபோகும் பழைய பையை எடுத்துத் தோளில் மாட்டிக்கொண்டு கீழே இறங்கினாள். தெருவில் கொஞ்ச நேரம் நின்றாள். ஆறு அடித்ததும் படியேற ஆரம்பித்தாள். இரண்டாவது மாடியில் நின்று மூச்சு வாங்கினாள். இப்போது அதற்குப் பாசாங்கு தேவைப்படவில்லை. கதவைத் திறந்து, "அம்மா, வந்துட்டேன்" என்றாள். அம்மா அவளைத் தாண்டிக் கதவையே பார்த்துக்கொண்டிருந்தாள். "இன்னும் காணோமே" என்றாள்.

மறுநாளும் இறங்கி ஏறினாள். அதற்கு மறுநாளும். பத்தொன்பது நாள் அப்படிப் போனது. அதில் இரண்டே இரண்டு நாள், ஒன்று ஆறாவது நாள், இன்னொன்று பதினாலாவது நாள் என்று நினைக்கிறாள், அம்மா அவள் முகத்தைப் பார்த்து, "வந்துட்டியா, ஏண்டி இவ்வளவு நேரம்?" என்றாள். இரண்டாவது தடவை கன்னத்தைத் தொட்டுவிட்டு, "வெளியில குளிரா?" என்றும் கேட்டாள்.

"கொஞ்சம்மா" என்றாள் மகள்.

இருபதாம் நாள் காலை அம்மா போய்விட்டாள். மகள் ஜன்னலோரம் உட்கார்ந்து, ஸ்டுடியோவிலிருந்து வந்த ஒரு கோட்டுக்குக் கை வைத்துத் தைத்துக்கொண்டிருந்தாள். மூச்சுச் சத்தம் நின்றது கேட்டது. ஊசியைத் துணியில் குத்தி வைத்துவிட்டு எழுந்து வந்து, பக்கத்தில் உட்கார்ந்தாள். அப்புறம் பக்கத்து வீட்டு அக்காவைக் கூப்பிட்டாள்.